பார்க்காத படத்துக்குப் பாராட்டு

தாம்பரத்துக்கு மின்சார ரயில் வந்ததும் தமிழுக்குப் பேசும் படம் வந்ததும் 1931-ஆம் வருஷத்தில்தான். ரயிலில் இன்றும் ஏறலாம். படத்தை? அக்டோபர் 31-ஆம் தேதி சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியான 'காளிதாஸ்' பிரதி ஒன்றுகூட மிஞ்சவில்லை. நாயகர் தெலுங்கில் பேச, டி. பி. ராஜலக்ஷ்மி தமிழில் பதில் சொன்ன விசித்திரப் படம் அது. 1936-இல் அவரே எழுதித் தயாரித்து டைரக்ட் செய்த 'மிஸ் கமலா'வும் போய்விட்டது.

'மகத்தான நடிகை' என்று மேடையில் அடித்துப் பேசுகிறோம். பார்க்காத நடிப்பைப் புகழ்வது பொய்ச் சாட்சி அல்லவா? சரி, 'முதல் கதாநாயகி' என்பதோடு நிறுத்தலாமென்றால் அதுவும் அநியாயமாகப் படுகிறது. முதலாவது என்ற பெருமை ரயில் வண்டிக்குப் போதும், நடித்தவருக்குப் போதுமா? நானும் அவரைப் புகழ்ந்திருக்கிறேன். ஒவ்வொரு தடவையும், நேரில் பார்த்தவன் போன்ற பாவனை ஒன்று குரலில் வந்து ஒட்டிக்கொள்கிறது.