தாமே தமக்குச் சாட்சி

ஆஸ்திரியப் பேரரசி எலிசபெத்தின் வாழ்வை 1921-இல் ஜெர்மானிய ஊமைப் படமொன்று சித்திரித்தது. அதன் கதையாக்கத்தில் பங்கேற்று, தம் பாத்திரத்தில் தாமே தோன்றியவர், பேரரசியின் அண்ணன் மகளான மாரி லாரிஷ் என்னும் பிரபுகுல மாது. அப்போது அவர் அறுபதைக் கடந்திருந்தார். பேரரசு 1918-இலேயே சரிந்துவிட்டது.

1889 சனவரியில் இளவரசர் ருடோல்ஃபும் பதினேழே வயதான மேரி வெட்சேராவும் மேயர்லிங் வேட்டை மாளிகையில் பிணமாகக் கிடந்தனர். அவர்களுடைய இரகசியச் சந்திப்புகளுக்கு உதவியவர் லாரிஷ் என்பது வெளிப்பட்டதும், அரசவையின் வாயில் அவருக்கு அடைபட்டது.

தம் குற்றமும் கலந்த கதையை ஒருவர் தாமே சொன்னால், அது பாவ அறிக்கையா, தற்காப்பு வழக்கா? 1913-இல் அவர் வெளியிட்ட நினைவுநூல் பெரிதும் தற்காப்பே. பழியைப் பிறர்மேல் சாய்க்கச் சொற்கள் எளிதில் துணைபோகும். (ஒப்புரவு அருட்சாதனத்தில் அமரும் குருக்கள் இதனை நன்கறிவோம், நாங்களும் அவ்வாறே செய்வதுண்டு.) ஊமைப் படத்திலோ, இடையிடையே தோன்றும் எழுத்துகள் நீங்கலாக, எஞ்சுவது முகம் மட்டுமே. அம்முகத்தைக் காட்ட அவர் துணிந்ததை வெறும் விளம்பர வேட்கை என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை. மனத்துயர் என்று கொள்ளவும் இயலவில்லை.

மாண்டுபோன அச்சிறு பெண்ணுக்கு நூல் எழுதவும் திரையில் தோன்றவும் வாய்ப்பே இருக்கவில்லை.