காண்பவனின் கடமை

வேற்று நாடொன்றிற் சில வாரங்கள் தங்கித் திரும்பும் பயணி, தான் கண்டதே அந்நாடு என்கிறான். அவன் எழுதினால் ஐயுறும் நாம், படம் பிடித்துக் காட்டினால் ஐயுறுவதில்லை. கமெரா பொய் சொல்லாது என்பது நமது நம்பிக்கை. அந்த நம்பிக்கையைச் சோதித்தவர் பிரெஞ்சுத் திரைப்படக் கலைஞர் கிறிஸ் மார்க்கர் (1921–2012).

‘சைபீரியாவிலிருந்து ஒரு கடிதம்’ அவர் 1957ஆம் ஆண்டில் ஆக்கிய பயணப் படம். யாகுட்ஸ்க் நகரத் தெருவில் ஒரு பஸ்வண்டி செல்கிறது. தொழிலாளர் வீதியைச் செப்பனிடுகின்றனர். உள்ளூர்வாசி ஒருவர் கமெராவை நோக்கியவாறு கடந்து செல்கிறார். இதே காட்சி மும்முறை வருகிறது. வர்ணனை மட்டும் மாறுகிறது. முதன்முறை சோவியத் நாட்டின் புகழ். அடுத்தமுறை அதன்மீது வசை. மகிழ்ச்சி மிக்க தொழிலாளர் எனப்பட்டோர் இப்போது அடிமைகளாகின்றனர். மூன்றாம் முறை எப்பக்கமுஞ் சாராத நிதானப் பேச்சு.

அவ்வாறாயின் நடுநிலையே உண்மையா? அன்று. மூன்றாம் வர்ணனையும் நீதியானதன்று என்பதே மார்க்கரின் கருத்து. மாறிக்கொண்டிருக்கும் வாழ்வைத் தீர்ப்புக்காக நிறுத்திவைப்பதும் ஒரு திரிபே.

1983இல் வெளிவந்த ‘சூரியனின்றி’ என்ற படம் இன்னும் ஆழமாகச் செல்கிறது. கினி-பிசாவு நாட்டில் 1980 பெப்ரவரியில் நடந்த விழாவொன்று அதில் இடம்பெறுகிறது. சனாதிபதி லூயிஸ் கப்ரால், விடுதலைப் போராளி நீனோ வியேராவுக்குப் பதவியுயர்வு அளிக்கிறார். வியேரா கண்ணீர் வடிக்கிறார். தோழமையின் கண்ணீர் என்றே நாம் கொள்வோம். ஆனால், அவ்வாண்டு நவம்பரிலேயே வியேரா கப்ராலைக் கவிழ்த்து ஆட்சியைக் கைப்பற்றினார். எதிர்பார்த்த மேன்மை கிட்டாமையால் வந்த கண்ணீர் அது எனப் படம் விளக்குகிறது. கண்ட காட்சி பொய்யன்று; நாம் கொண்ட பொருளே பொய்த்தது.

தன் பார்வையைத் தானே விசாரிக்கும் இந்நேர்மை போற்றத்தக்கது. எனினும் அது போதுமா? அதே படத்தில் கேப் வேர்ட் தீவுகளின் சந்தைப் பெண்ணொருத்தி படமெடுப்பவனை நேர்நோக்குகிறாள். அந்நோக்கு நீடிப்பது ஒரு செக்கனின் 24இல் ஒரு பங்கே. காணப்படுபவளும் காண்கிறாள் என்பதை மார்க்கர் மறைக்கவில்லை. ஆயினும் அவள் ஒரு சொல்லும் பேசுவதில்லை. படம் முழுதும் பேசுபவை பயணியின் கடிதங்களே. தன்னைப் பற்றிய ஐயமுங்கூட, பிறரின் குரலுக்கு இடமளிக்காத தற்பேச்சாகிவிடக்கூடும்.

மக்கள் பக்கம் நிற்பதாகக் கூறும் நாம் இதனைச் சிந்தித்தல் வேண்டும். நமக்குச் சார்பு உண்டு. அதனை ஒளிக்க வேண்டியதில்லை. ஆனால் யாகுட்ஸ்க் தெருவின் முதல் வர்ணனை நம் காதுக்கு இனிக்கிறது என்பதற்காக அதனை உண்மையெனக் கொள்ளலாகாது. வீதி செப்பனிட்ட அத்தொழிலாளரிடம் புகழ்ந்தவனுங் கேட்கவில்லை, இகழ்ந்தவனுங் கேட்கவில்லை. தான் நிற்கும் இடத்தை வெளிப்படையாகக் கூறுவது காண்பவனின் முதற் கடமை. தான் காட்டுவோரைப் பேசவிட்டு, அவர்கள் கூற்றால் தன் முடிவைத் திருத்திக்கொள்ள ஆயத்தமாயிருப்பது அதனினும் பெரிய கடமையாகும்.