அறியும் உரிமையும் ஏற்கும் கடமையும்

முதிர்ந்த வயதில் கருவுற்ற பெண்களை விவிலியம் பெருமையோடு நினைவுகூர்கிறது. சாராவின் சிரிப்பும் எலிசபெத்தின் மகிழ்வும் நாம் அறிந்தவையே. ஆனால் எலிசபெத்து ஐந்து மாதம் பிறர் கண்ணில் படாமல் இருந்தார் என்று லூக்கா எழுதியிருப்பதை நாம் ஆழ்ந்து சிந்திப்பதில்லை. அதன் காரணத்தை நற்செய்தியாளர் விரித்துரைக்கவில்லை. நம் சங்கரன்கோவில் வட்டாரத்துப் பெண்களுக்கு அதை விளக்கவும் தேவையில்லை. ‘பேரப்பிள்ளை எடுக்கும் வயதில் பிள்ளைப்பேறா?’ என்னும் ஏச்சின் கூர்மையை அவர்கள் அறிவார்கள்.

ஏச்சோடு இன்று அச்சமும் சேர்ந்துகொண்டது. அந்த அச்சத்தை அறியாமை என்று ஒதுக்க இயலாது. வயது ஏற ஏற இரத்த அழுத்தம், சர்க்கரை, கருச்சிதைவு ஆகியவற்றின் வாய்ப்பு மிகுகிறது. டவுன் குறைபாட்டோடு குழந்தை பிறக்கும் வாய்ப்பு முப்பது வயதில் ஏறத்தாழ 1,000-க்கு ஒன்று. முப்பத்தைந்தில் 350-க்கு ஒன்று. நாற்பதில் 100-க்கு ஒன்று. நாற்பது வயதுத் தாயர் நூறு பேரில் ஏறத்தாழத் தொண்ணூற்றொன்பது பேருக்கு இக்குறைபாடு இல்லாத குழந்தையே பிறக்கிறது என்பதும் இதே கணக்குதான். முதல் மூன்று மாதங்களில் செய்யும் இரத்தச் சோதனையும் ஸ்கேனும் ஐயத்தை மட்டுமே காட்டும். உறுதிப்படுத்தப் பனிக்குட நீரை எடுத்து ஆய வேண்டும். அவ்வாறு எடுப்பதில் கருச்சிதைவு நேரும் சிறு ஆபத்தும் உண்டு.

அப்படியானால் கத்தோலிக்கத் தாய் இச்சோதனைகளைச் செய்துகொள்ளலாமா? செய்துகொள்ளலாம். தாய்க்கும் சேய்க்கும் அளவுக்கு மீறிய ஆபத்து விளைவிக்காமல், உயிரைப் பேணும் நோக்கத்தோடு செய்யும் சோதனை ஏற்புடையதே என்று விசுவாசக் கோட்பாட்டுப் பேராயம் 1987-இல் கற்பித்தது. புனித இரண்டாம் யோவான் பவுல் 1995-இல் வெளியிட்ட ‘வாழ்வின் நற்செய்தி’ சுற்றுமடலும் இதையே உறுதிப்படுத்தியது. இதயக் குறையை முன்னரே அறிந்தால் தகுந்த மருத்துவமனையில் பேறுகாலம் பார்க்கலாம். சர்க்கரையை அறிந்தால் உணவாலும் மருந்தாலும் காக்கலாம். இறைவன் தந்த அறிவைப் பயன்படுத்துவது விசுவாசக் குறைவு ஆகாது. குறை இருந்தால் அழித்துவிடுவது என்று முன்னரே முடிவுசெய்து அறிய முற்படும்போதுதான் அறிவு தீர்ப்பாகிவிடுகிறது.

இங்கே நம் நாட்டுச் சட்டங்கள் இரண்டை ஒப்பிட்டுப் பார்ப்போம். கருவின் பாலினம் அறிவதைத் தடுக்கும் 1994-ஆம் ஆண்டுச் சட்டம், முப்பத்தைந்து வயதைக் கடந்த பெண்களுக்குக் கருநிலைச் சோதனை செய்ய இசைகிறது; ஆணா பெண்ணா எனச் சொல்வதைக் குற்றமாக்குகிறது. உசிலம்பட்டியிலும் சேலத்திலும் பெண் சிசுக்கள் மாண்ட கொடுமையை நாம் மறக்கவில்லை. 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் பிறந்ததும் அதனால்தான். பெண் என்பதற்காக ஓர் உயிரை விலக்கலாகாது என்று அன்று உரக்கச் சொன்னோம். ஆனால் 2021-இல் திருத்தப்பட்ட கருக்கலைப்புச் சட்டம், கருவில் கடும் குறைபாடு இருப்பதாக மருத்துவக் குழு கண்டால் 24 வார வரம்பையும் நீக்கிவிடுகிறது. 2023 அக்டோபரில் 26 வாரம் கடந்த கருவொன்றைக் கலைக்க உச்ச நீதிமன்றம் இசையவில்லை. தாயின் உயிருக்கு உடனடி ஆபத்து இல்லை, கருவில் குறைபாடும் இல்லை என்பது அதற்கான காரணங்களுள் அடங்கும். குறைபாடு இருந்திருந்தால் அதே வாரத்தில் சட்டம் வேறு வழி காட்டியிருக்கும். பாலினத்தால் குறையாத மனித மாண்பு, குரோமோசோம் ஒன்று கூடுவதால் மட்டும் குறையுமா? இதுவே நம் முன் நிற்கும் வினா.

இதற்கு மறுமொழியாக எழும் குரல் ஒன்று உண்டு; அதைச் செவிமடுக்காமல் கடந்து போவது நேர்மையன்று. ‘நாற்பதில் பெறுகிறேன், நான் கண்மூடிய பின் இந்தப் பிள்ளையை யார் பார்ப்பார்?’ என்று தாய் கேட்கிறாள். இக்கேள்வியில் பாவம் இல்லை; பாசமே இருக்கிறது. மறையுரையால் மட்டும் இதற்கு விடை கூற இயலாது. 1999-ஆம் ஆண்டு தேசிய அறக்கட்டளைச் சட்டத்தின்படி, அறிவுத்திறன் குறைந்தோருக்கு மாவட்ட அளவிலான குழுவின் வழியாகச் சட்டப்படி பாதுகாவலரை நியமிக்க முடியும். இதை எத்தனை பங்குகளில் எடுத்துச் சொல்லியிருக்கிறோம்? திருப்பலியில் குரல் எழுப்பும் அத்தகைய பிள்ளையைத் திரும்பிப் பார்த்து முகம் சுளிக்கும் சபை, கருவைக் காக்கச் சொல்லும் தகுதியைத் தானே இழக்கிறது.

டவுன் குறைபாட்டிற்குக் காரணம் மிகுதியான ஒரு குரோமோசோம் என்று 1959-இல் வெளியிட்ட பிரெஞ்சு ஆய்வாளருள் ஒருவர் ஜெரோம் லெஜூன். சிகிச்சைக்கு வழி திறக்கும் என்று அவர் நம்பிய கண்டுபிடிப்பு, அக்குழந்தைகளைப் பிறக்குமுன் இனங்கண்டு அகற்றப் பயன்பட்டது. அவர் ஆய்வைக் கைவிடவில்லை. அக்குழந்தைகளுக்காக இறுதிவரை வாதாடினார். 2021-இல் திருச்சபை அவரை வணக்கத்துக்குரியவர் என அறிவித்தது. அறிவைத் துறக்காமலே அன்பைக் காக்க முடியும் என்பதற்கு அவர் வாழ்வே சான்று.

ஆகவே சோதனைக்குச் செல்லும் தாயை ஐயத்தோடு நோக்காதிருப்போம். அச்சத்தில் தவறிய பெண்மீது கல்லெறியவும் வேண்டாம். முடிவு எதுவாயினும் அவளோடு நிற்போம் என்ற உறுதியைச் சோதனைக்கு முன்னரே அவளுக்கு அளிப்போம். மரியா எலிசபெத்தின் வீட்டில் ஏறத்தாழ மூன்று மாதம் தங்கினார். முதிர்ந்த தாய்க்குத் திருச்சபை செய்யக்கூடிய பணிக்கு அதைவிடத் தெளிவான முன்மாதிரி நமக்கு வேண்டியதில்லை.