நிலமும் பொழுதும்

அகப்பொருளை முதல், கரு, உரி என மூவகையாகப் பகுத்த தொல்காப்பியர், முதற்பொருள் என்பது நிலமும் பொழுதுமே என்றார். தெய்வமும் உணவும் தொழிலும் அவற்றிற்குப் பின்னரே வருகின்றன. வாழ்வு நிகழ ஓர் இடம் வேண்டும். அவ்விடத்தில் ஓடும் காலமும் வேண்டும். இவ்விரண்டையும் ஒரு நோய் திரித்துவிடுமானால் மனிதனிடம் எஞ்சுவது யாது?

கதை புனைவோர் அத்தகைய நோய்களைக் கற்பனை செய்வதுண்டு. மருத்துவ நூலோரும் ஏறத்தாழ அதை ஒத்த ஒன்றை அறிவர். 1955ஆம் ஆண்டில் ஜான் டாட் என்னும் ஆங்கிலேய மனநல மருத்துவர் அதனை விளக்கி, சிறுவர்க்கான புகழ்பெற்ற கதையொன்றின் தலைவியான ஆலிஸின் பெயரை அதற்கு இட்டார். அந்நிலைக்கு ஆளானவருக்குத் தம் கை பெருத்துத் தோன்றும்; அருகிலுள்ள சுவர் விலகிச் செல்லும்; காலம் விரைவதாகவோ தேங்குவதாகவோ தோன்றும். ஆயினும் அங்கே திரிபு காண்பவரின் மூளையில்தான் உள்ளது. சுவர் நின்ற இடத்திலேயே நிற்கிறது. கடிகாரமும் தன் கதியில் ஓடுகிறது.

இதற்கு நேர்மாறான நோய் ஒன்றும் உண்டு. நோயுற்றவரின் அறிவு தெளிவாகவே இருந்தது. அவரைச் சூழ்ந்த நிலமும் பொழுதுமே திரிக்கப்பட்டன. அந்த வரலாற்றைக் கோலாலம்பூரை அடுத்துள்ள சுங்கை பூலோ தன் மண்ணில் தாங்கி நிற்கிறது.

தொழுநோயாளர்க்கான குடியிருப்பு அங்கு 1930ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது. நோயாளரைச் சிறைக்கைதிபோல் அடைத்து வைத்தலாகாது எனக் கருதிய மருத்துவர் டிராவர்ஸின் முயற்சியால் அது ஒரு தோட்டச் சிற்றூராகவே அமைக்கப்பட்டது. வீடுகள், பள்ளி, கோயில், மசூதி, தேவாலயம் அனைத்தும் இருந்தன. சிறைச்சாலையும் இருந்தது; வெளியே செல்லாத தனிப் பணத்தாளும் இருந்தது. இல்லாதது ஒன்றே: விரும்பியபோது வெளியேறும் உரிமை.

கோலாலம்பூருக்கும் அவ்விடத்திற்கும் இடையே ஏறத்தாழ 25 கிலோமீட்டர். ஊரிலிருந்து வருவோர்க்கு அது சிறு பயணம். உள்ளே இருந்தோர்க்கோ கடக்கவொண்ணாத கடல். தூரத்தை அளப்பது மைல்கல்லா, பூட்டிய கதவா? அங்குப் பிறந்த குழந்தைகள் பெற்றோரிடமிருந்து பிரிக்கப்பட்டு வளர்ப்போரிடம் ஒப்படைக்கப்பட்டனர். அத்தகைய தாய்க்குக் குழந்தையின் வயது பிரிந்த நாளிலேயே நின்றுவிட்டது. பிறர்க்கு ஆண்டுகள் ஓடின. அவளுக்கு அந்த ஒரு நாளே நீண்டது.

நோயின் இயல்பும் காலத்தோடு பின்னியதே. 1873ஆம் ஆண்டில் நார்வே நாட்டு மருத்துவர் ஹான்சன் கண்டறிந்த அதன் கிருமி மிக மெல்லப் பெருகுவது. ஒருமுறை இரண்டாகப் பிரிய ஏறக்குறைய இரு வாரம் கொள்வது. தொற்றியபின் அறிகுறி தோன்றச் சராசரியாக 5 ஆண்டுகள் ஆகும்; சிலரிடம் 20 ஆண்டுகளும் கடக்கும். எவரிடமிருந்து எப்போது வந்தது என்று அறியவொண்ணாத இம்மறைவே அச்சத்தை வளர்த்தது.

அச்சத்தை முற்றும் பழித்தல் நியாயமன்று. 1930இல் நம்பத்தக்க மருந்து இல்லை. அன்று நோயாளரைப் பிரித்து வைத்தோர் தம் காலத்து அறிவின்படியே நடந்தனர். ஆனால் 1940களில் டாப்சோன் என்னும் மருந்து வந்தது. சில கிருமிகள் அம்மருந்தையும் எதிர்த்து நிற்பதை 1964இல் உலகிற்கு மெய்ப்பித்த ஆய்வு சுங்கை பூலோவிலேயே நடந்தது. பன்மருந்துச் சிகிச்சையை 1981இல் உலகச் சுகாதார நிறுவனம் பரிந்துரைத்தது. பெரும்பாலான மனிதர்க்கு இந்நோயை எதிர்க்கும் ஆற்றல் இயல்பிலேயே உண்டு என்பதும் தெளிவாயிற்று. இவ்வளவும் அறிந்த பின்னரும் உறவினர் பலர் கதவைத் திறக்கவில்லை. நோய் நீங்கியவர்கள் திரும்பிச் செல்ல வீடின்றி அங்கேயே பூச்செடி வளர்த்து விற்று முதுமை எய்தினர்.

அறியாமையால் இழைக்கும் தீங்கிற்கு அறியாமையே ஓரளவு விடையாகலாம். அறிவு வந்தபின் தொடரும் தீங்கிற்கு விடை ஏது? அறவியலின் கேள்வி இங்கேதான் தொடங்குகிறது. நோயாளரின் காலம் முன்னே சென்றுவிட்டது. நலமுற்றோரின் உள்ளமோ பழைய நாளிலேயே நின்றுவிட்டது. எனில், காலத்தைத் திரித்துக் கண்டவர் யார்?

தொழுநோய் நரம்பைத் தாக்குவதால் தோல் உணர்விழக்கிறது. சுடுகலத்தைத் தொட்ட கை சூட்டை அறியாது புண்ணாகிறது. பிறர் நெஞ்சில் பட்ட சூட்டை அறியாத சமுதாயத்தின் நிலையும் அத்தகையதே. அதற்கு மாத்திரை இல்லை.

2007ஆம் ஆண்டில் அக்குடியிருப்பின் ஒரு பகுதி பல்கலைக்கழக வளாகத்திற்காக இடிக்கப்பட்டது. வீடிழந்த முதியோர்க்கு அது இரண்டாம் பிரிவு. 2020ஆம் ஆண்டில் கோவிட் தொற்று பரவியபோது, சுங்கை பூலோவில் 2006 முதல் இயங்கும் பெரிய மருத்துவமனை நாட்டின் முதன்மைச் சிகிச்சை நிலையங்களுள் ஒன்றாயிற்று. அவ்வாண்டு மார்ச் 18 முதல் மலேசிய மக்கள் வீட்டுக்குள் இருந்தனர். இன்று என்ன கிழமை என மறந்தது. அடுத்த தெருவும் அயல்நாடாயிற்று. சில வாரங்களிலேயே அது பொறுக்கவொண்ணாததாயிற்று. அதே ஊரில் சிலர் அதனை ஓர் ஆயுட்காலம் பொறுத்தனர்.

நிலமும் பொழுதும் இயற்கை அளித்த முதற்பொருள்கள். ஆயினும் ஒருவருக்கு அவற்றைத் தரவும் பறிக்கவும் மற்றவரால் இயலும் என்பதைச் சுங்கை பூலோ காட்டுகிறது. பொதுநலத்திற்காக ஒருவரைத் தனிமைப்படுத்த நேரலாம். அவ்வாறு அனுப்பும் நாளிலேயே அவர் திரும்பி வருவதற்கான வழியையும் எண்ணி வைத்தல் கடன். வழி எண்ணாத பிரிவு, நோயைக் காட்டிலும் கொடிது.