பிறர் துயரில் பிறக்கும் இன்பம்

1960களின் நடுப்பகுதியில் அமெரிக்க இளைஞர்கள் கார்க் கொட்டகைகளில் ஒத்திகை பார்த்து, சிறு நிறுவனங்களின் வழியே ஒற்றைப் பாடல் இசைத்தட்டுகளாக வெளியிட்ட செப்பமற்ற, முரட்டு இசையே கராஜ் ராக் எனப்படுகிறது. 1972இல் லென்னி கே, எலெக்ட்ரா நிறுவனத்திற்காக 27 பாடல்களைத் திரட்டி உருவாக்கிய 'நக்கெட்ஸ்' தொகுப்பு இவ்விசையை மறதியிலிருந்து மீட்டது. அதன் வழியில் பின்னர் எழுந்த தொகுப்புகளில், காதல் முறிந்த பதின்பருவத்தினரின் சோகப் பாடல்களும் இடம்பெற்றன.

முன்பின் அறியாத ஒருவரின் துயரம், பல்லாண்டுகள் கழித்துக் கேட்பவருக்கு இன்பம் தருவது அறத்திற்கு உகந்ததா? தாம் அடைய விரும்பாத துன்பத்தை மேடையில் கண்டு மனிதர் மகிழ்வது ஏன் என்று வினவிய புனித அகஸ்டின், துயருற்றவருக்கு உதவ அழைக்காமல் வருந்த மட்டுமே அழைக்கும் நாடகத்தில் மெய்யான இரக்கம் ஏது என்று தம் 'ஒப்புதல்கள்' நூலின் மூன்றாம் பகுதியில் வாதிட்டார். ஆழமான வாதம் அது. எளிதில் தள்ளிவிட இயலாதது.

எனினும் அகஸ்டின் கண்டது புனைந்த துயரம். மிச்சிகனில் வாழ்ந்த மெக்சிகோ வம்சாவளி இளைஞர்கள் பதிவுசெய்து, 1966இல் அமெரிக்கப் பாடல் தரவரிசைப் பட்டியலில் முதலிடம் பெற்ற '96 டியர்ஸ்' போன்ற பாடல்களில், பயிற்சியற்ற குரலும் விடாது ஒலிக்கும் ஆர்கனும் துயரத்தை அழகுபடுத்தி மறைப்பதில்லை. காலம் கடந்துவிட்டதால் உதவ வழியில்லாத இடத்தில் செவிசாய்ப்பதே எஞ்சிய இரக்கம். ஆகவே அகஸ்டினின் கண்டனம் இப்பாடல்களைக் கேட்போர்க்குப் பொருந்தாது.