கயிறு காத்ததா, கரு நின்றதா?

ஹைதராபாத் மௌலா அலி மலையடிவாரத்தில், தாய் ராஜ் கன்வருக்காகத் தான் கட்டிய கல்லறை வளாகத்திலேயே, 1824-இல் உருதுக் கவிஞர் மஹ் லகா பாய் சந்தாவும் அடக்கமானார். அவர் பிறந்ததே இந்த மலையின் அற்புதம் என்பார்கள். ஆறாம் மாதத்தில் யாத்திரை வந்த ராஜ் கன்வருக்குக் கரு கலையும் நிலை. உடன் வந்த தஜல்லி அலி ஷா, மலைமேல் தர்காவிலிருந்து புனிதக் கயிறும் ஊதுபத்தியும் கொண்டுவந்தாராம். கயிற்றை இடுப்பில் கட்ட, கரு நின்றது; 1768-இல் சந்தா பிறந்தார்.

பிரசவ வார்டில் நர்ஸாக இருந்து ஓய்வுபெற்றவள் நான். இடுப்பில் தர்கா கயிறும், தலையணைக்கு அடியில் திருக்கருகாவூர் கோயில் எண்ணெய்ப் பாட்டிலுமாக எத்தனையோ பேர் வருவார்கள். ஸ்கேனுக்காகக் கயிற்றை மேலே தள்ளிவிடுவேனே தவிர, ஒருநாளும் கத்தரிக்கோல் வைத்ததில்லை.

காத்தது சாமி என்றால், கலைந்தபோது? இதற்கு வீட்டில் சுலபமான பதில் இருக்கும்: பப்பாளி தின்றிருப்பாள், ஸ்கூட்டியில் போயிருப்பாள், போன ஜென்மத்துப் பாவம். “ஒருநாள் எண்ணெய் தடவ மறந்துட்டேன், அதனாலயா சிஸ்டர்?” என்று பத்தாவது வாரத்தில் கரு கலைந்த பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். மாமியார் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றார்.

அவள் மறந்ததால் அல்ல. முதல் மூன்று மாதத்தில் ஏறக்குறைய நாலில் ஒருத்திக்கு ரத்தம் படும். அவர்களில் பாதிக்கு மேற்பட்டோருக்குக் கரு நிற்கும். அந்த வாரம் எந்தக் கயிற்றைக் கட்டியிருந்தாலும் பெயர் கயிற்றுக்குத்தான். ஆரம்பத்திலேயே கலைவதில் ஏறக்குறைய பாதி, குரோமோசோம் கோளாறால். அதை எந்தத் தாயும் செய்வதில்லை, தடுக்கவும் முடியாது. அந்தக் காலத்தில் கட்டிலின் கால்மாட்டுக்குச் செங்கல் கொடுத்து உயர்த்தி, வாரக்கணக்கில் படுக்கவைப்போம். படுத்தே கிடந்தால் கரு நிற்கும் என்பதற்குச் சான்று இல்லை. அது ஆஸ்பத்திரிக்காரர்கள் கட்டிய கயிறு!

வேண்டிக்கொள்வதில் தப்பில்லை, பயந்து கிடப்பவளுக்கு அது தைரியம். ஆனால் நின்றால் சாமி, கலைந்தால் இவள் என்று கணக்கு எழுதுவது பக்தியே அல்ல.

ரத்தம் பட்டால் கயிறு கட்டுங்கள், உடனே டாக்டரையும் பாருங்கள். ஒருபக்க அடிவயிற்று வலி, தோள்பட்டை வலி, மயக்கம் இருந்தாலோ, ஒரு மணி நேரத்தில் பேடு நனைந்தாலோ, ராத்திரி என்று பார்க்காமல் ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள். கரு கருக்குழாயில் தங்கியிருந்தால் தாயின் உயிருக்கே ஆபத்து. நெகட்டிவ் ரத்த வகை என்றால் ஆன்டி-டி ஊசி வேண்டுமா என்றும் கேளுங்கள்.