மீண்டு வரும் நாள்: காலச் சுழற்சி பற்றிய ஓர் அறநோக்கு

காலம் வட்டமாகச் சுழல்கின்றது என்னும் கருத்து மனித சிந்தனைக்குப் புதியதன்று. நான்கு யுகங்கள் கூடிய 43,20,000 ஆண்டுகளை ஒரு மகாயுகமாகவும், அத்தகைய ஆயிரத்தை ஒரு கற்பமாகவும் கணித்தது புராண மரபு. அண்மைக் காலத்தே அமெரிக்க நாவலாசிரியர் ரொபேட் ஜோர்டன் 1990 இல் தொடங்கிய 'காலச் சக்கரம்' என்னும் நாவல் வரிசையில், ஏழு ஆரங்கள் கொண்ட சக்கரமொன்று ஏழு யுகங்களை ஓயாது மீட்டு வருகின்றது. முன்னொரு யுகத்திலே சித்தம் பேதலித்துத் தன் உற்றாரையே கொன்ற ஒருவனின் மறுபிறப்பே அங்குக் கதைத்தலைவன். தானும் அவ்வாறே ஆகிவிடுவேனோ என அவன் அஞ்சுகின்றான். உலகம் கற்பனையே, வினா மெய்யானது. நடந்தது மீண்டும் நடந்தே தீருமெனின், செய்தவனைக் குற்றஞ் சாட்டுவதெங்ஙனம்? செய்யாது விட்டவனைக் கேள்வி கேட்பதெங்ஙனம்?

இவ்வினாவை நமது கரையிலே நின்று நோக்குவோம். கல்முனைப் பிரதேசத்தில் இரு சக்கரங்கள் ஒருங்கே சுழல்கின்றன. ஒன்று வயலின் சக்கரம்: மாரி மழையோடு வரும் பெரும்போகம், பின்னர் பாய்ச்சும் நீரை நம்பிய சிறுபோகம். மற்றையது பிறையின் சக்கரம். ஹிஜ்ரி ஆண்டு சூரிய ஆண்டிலும் ஏறத்தாழ 11 நாட்கள் குறைந்ததாதலின், இஸ்லாமிய மாதங்கள் பருவங்களினூடே பின்னோக்கி நடந்து சுமார் 33 ஆண்டுகளில் ஒரு சுற்றை முடிக்கின்றன. 1999 டிசெம்பரில் மாரியிலே தொடங்கிய றமழான் 2013 இல் ஜூலை வெயிலிலே தொடங்கியது. 2030 இலோ ஜனவரியிலும் டிசெம்பரிலுமாக இருமுறை வரும். கல்முனைக்குடிக் கடற்கரைப் பள்ளிவாசலில் நாகூர் சாகுல் ஹமீது வலியுல்லாஹ் நினைவாக ஏற்றப்படும் கொடியும் அவ்வாறே, சில ஆண்டுகளிற் கொந்தளிக்கும் கடலையும் சில ஆண்டுகளில் அமைதிக் கடலையும் நோக்கிப் பறக்கின்றது. (கொடியேற்றம் காண வரும் சிறுவருக்கு இக்கணக்கெல்லாம் ஒரு பொருட்டன்று, மிட்டாய்க் கடைகள் வந்தனவா என்பதே அவர்தம் கவலை.) 12 வயதில் மாரியிலே முதல் நோன்பு பிடித்த சிறுவனை அம்மாரி நோன்பு மீண்டும் சந்திக்கும்போது அவனுக்கு வயது 45. சக்கரம் திரும்பி வந்துவிட்டது, சிறுவன் திரும்பவில்லை.

இனி, நாம் அனைவரும் அறிந்த ஒரு நாளை எடுத்துக்கொள்வோம். 2004 டிசெம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை, போயா தினம். ஹிஜ்ரி 1425 துல்கஃதா மாதத்து முழுமதி. மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, காரைதீவு என நீண்ட அம்பாறைக் கரையிலே ஆழிப்பேரலை பத்தாயிரத்துக்கு மேற்பட்டோரைக் கொண்டுபோயிற்று. அந்நாள் மீள்வது எப்போது? சூரியக் கணக்கின்படி ஒவ்வொரு டிசெம்பர் 26 உம். பிறைக் கணக்கின்படி ஆண்டுதோறும் 11 நாள் முந்தி. திகதியும் திங்களும் 19 ஆண்டுகளுக்கொருமுறை ஒன்றுகூடும் என்பது பழைய வானியற் கணக்கு. அதற்கேற்ப 2023 டிசெம்பர் 26 போயா தினமாகவே வந்தது. அதே திகதி, அதே முழுமதி. ஆயின் ஹிஜ்ரி மாதம் ஜமாதுல் ஆகிர், கடலும் எழவில்லை. எழ வேண்டிய நியாயமுமில்லை. 2004 இல் அலையை எழுப்பியது சுமாத்திராவுக்கு அப்பால் கடலடியில் நேர்ந்த நிலநடுக்கம். நாட்காட்டிக்கு அதிற் பங்கில்லை.

அங்ஙனமாயின் மீண்டு வரும் அந்நாள் நமக்கு எதனைக் கொண்டு வருகின்றது? வெட்டு முடிந்தபின் போடியாரும் வயற்காரரும் கணக்குத் தீர்க்கும் வழக்கத்தை இங்கு நினைவு கூரலாம். வெட்டு ஆண்டுதோறும் வரும் என்பதனாற் சென்ற போகத்துக் கடன் அழிந்துவிடுவதில்லை. கடனைக் கேட்பதற்கான நாளே வந்து சேர்கின்றது. அக்கரைப்பற்றிலே அலையால் வீடிழந்தோர்க்கென நுரைச்சோலையில் சவூதி அரேபியாவின் உதவியுடன் 500 வீடுகள் கட்டப்பட்டன. அவற்றைப் பங்கிடுவது குறித்து எழுந்த வழக்கினாற் கையளிப்புத் தடைப்பட்டு, கட்டிய வீடுகள் பல ஆண்டுகள் ஆளின்றிக் கிடந்தன, பற்றை மண்டியது. அக்காலத்தே டிசெம்பர் 26 எத்தனை முறை வந்து போயிற்று!

'எல்லாம் கத்ர்' என்று கூறி அமைவோர் நம்மிடையே உளர். அலையைக் குறித்து அவ்வாறு கூறுதல் ஈமானின் பாற்பட்டது. அதனை யாம் மறுக்கவில்லை. பூட்டிய வீட்டைக் குறித்தும் அதே சொல்லைக் கையாளுதலோ மனிதர் செய்யாது விட்டதை இறைவன் மீது ஏற்றுவதாகும். பூட்டியவர் மனிதர், திறக்கக் கூடியவரும் அவரே. இனி, மறதியும் ஒரு மருந்தல்லவா என வினவலாம். உண்மையே. பிள்ளையைக் கடலுக்குக் கொடுத்த தாயொருத்தி அந்நாளை நினையாதிருக்க விரும்பின், அவளை நினைவுக் கூட்டத்துக்கு வருமாறு வற்புறுத்த எவருக்கும் உரிமையில்லை. அவ்வுரிமை துயருற்றவளுக்கே உரியது. வாக்குக் கொடுத்தவர்களும் பங்கிட வேண்டியவர்களும் அதனை இரவல் வாங்க முடியாது.

2037 டிசெம்பரிலே பிறையின் சக்கரம் ஒரு முழுச் சுற்றை முடித்து, துல்கஃதா முழுமதி மீண்டும் அம்மாத இறுதியை அண்மிக்கும். நுணுகிக் கணித்தால் 22 ஆந் திகதியளவில், நான்கு நாள் முந்தியே. 2004 இற் கைக்குழந்தைகளாக இருந்த எம்மவருக்கு அப்போது வயது 33 ஐக் கடந்திருக்கும். அலையைப் பற்றிச் சொந்த நினைவு அவர்களிடம் இராது. வீடு எவருக்குக் கிடைத்தது, எவருக்குக் கிடைக்கவில்லை என்பதை மட்டும் அவர்கள் அறிந்திருப்பர்.